சூசை மாமா எழுதாத மனு

அருளு,

நீ கேட்டது ஒரே ஒரு கட்டைவிரல். "ம்மா, கதைய முழுசா படி. ஓகேன்னா வாட்ஸ்அப்ல ஒரு கட்டைவிரல் மட்டும் அனுப்பு. திங்கக்கிழமை விழுப்புரத்துல ஷூட்டிங் ஆரம்பிக்குது" என்று சொல்லி நூற்றுப் பதினாலு பக்கத்தை அனுப்பி வைத்தாய். கைநாட்டு வைக்கிறவர்களுக்காக இருபத்தாறு வருஷம் எழுதிக் கொடுத்தவளிடமே கைநாட்டு கேட்கிற தைரியம் உனக்குத்தான் வரும். நான் அனுப்பவில்லை. மூன்று நாளாக நீ போன் செய்கிறாய், நான் எடுக்கவில்லை. மூட்டு வலி என்று பக்கத்து வீட்டு ஸ்டெல்லாவை விட்டுச் சொல்ல வைத்தேன். "மூட்டு வலிக்கும் போனுக்கும் இன்னாக்கா சம்பந்தம், முழங்கால்லயா பேசுவீங்க?" என்று அவளே கேட்டாள். சம்பந்தம் இல்லைதான். உன் கதையைப் படித்துவிட்டுச் சொல்ல வேண்டியதைப் போனில் சொல்ல முடியாது. ஊர் பார்க்க ஒருத்தர் தலையில் விழுந்த பழியை ஊர் பார்க்கத்தான் இறக்கி வைக்க வேண்டும். அதனால்தான் உனக்கு எழுதும் இந்தக் கடிதத்தைப் பத்திரிகைக்குக் கொடுக்கிறேன். உனக்குத் தெரிந்த சங்கதிகளும் வரும். அலுத்துக்கொள்ளாதே, மற்றவர்களும் படிக்கிறார்கள்.

கலெக்டர் ஆபீஸ் வாசலில் ஒரு ஸ்டூல், ஒரு பலகை, தலைக்கு மேலே ஒரு தார்ப்பாய். இதுதான் என் ஆபீஸ் என்று உனக்குத் தெரியும். திங்கட்கிழமை குறை கேட்கும் நாள். பட்டா, முதியோர் பென்ஷன், காணாமல் போன வாய்க்கால், எல்லாவற்றுக்கும் நான் எழுதுவேன். வருகிறவர்கள் முதலில் அழுவார்கள், பிறகு திட்டுவார்கள், கடைசியில்தான் விஷயத்துக்கு வருவார்கள். அழுகையை வெட்டி, திட்டை வடிகட்டி, விஷயத்தை மட்டும் தாளில் இறக்குவதுதான் தொழில். ஒரு மனுவுக்கு ஒரு கோரிக்கை, அதற்கு மேல் போட்டால் ஒன்றும் நடக்காது என்பது நானே போட்ட சட்டம். வெட்டிய அழுகையையும் வடிகட்டிய திட்டையும் சாயங்காலம் வீட்டுக்குக் கொண்டு வருவேன். சாப்பாட்டுத் தட்டுக்கு முன்னால் ஒவ்வொருவராக நடித்துக் காட்டுவேன். உங்கப்பா சிரித்துப் புரையேறுவார். நீ மட்டும் சிரிக்க மாட்டாய். "ம்மா, அந்தத் தாத்தா இப்படிக் கத்தியிருக்க மாட்டாரு. கேக்கறதுக்கே வெக்கப்பட்டுக்கினு தானே வந்தாரு? மெதுவாத்தான் சொல்லியிருப்பாரு" என்பாய். நீ அந்தத் தாத்தாவைப் பார்த்ததே கிடையாது. ஆனால் நீ சொன்னதுதான் சரியாக இருக்கும். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நான் கேலி செய்தேன், நீ அந்த ஆளாகவே மாறினாய். நமக்குள் வித்தியாசம் அவ்வளவுதான், அது சின்ன வித்தியாசமும் இல்லை.

இப்போது கொஞ்சம் பெருமை பேசிக்கொள்கிறேன், பொறுத்துக்கொள். உன் முதல் வேஷம் மாலை போட்ட போட்டோ. கதாநாயகியின் செத்துப்போன அண்ணன். திரையில் நாலைந்து நொடி, சுவரில் தொங்கினாய். படம் பார்த்துவிட்டு வந்து ஸ்டெல்லா கேட்டாள், "தம்பி எப்படி நடிச்சிருக்குது?" என்று. "மூச்சுகூட விடலடி" என்றேன். அதற்கப்புறம் கரண்ட் கம்பம் ஏறுகிறவன், கல்யாண வீட்டில் பந்தியில் சண்டை போடுகிற பங்காளி, கோர்ட்டில் பெயர் கூப்பிடுகிறவன். பிறகு அந்த ரேஷன் கடைக்காரன். ஷேர் ஆட்டோவில் போகும்போது டிரைவர் சொன்னான், "யக்கா, ஒரு படத்துல ரேஷன் கடை ஆளு வருவான். மூஞ்சியப் பாக்காமயே 'ரேகை விழல, அடுத்தாளு'ம்பான். அப்படியே எங்க தெரு கடைக்காரனேதான்." அவன் பேர் தெரியுமா என்று கேட்டேன். "பேரு யாருக்குத் தெரியும்? ஆனா அவன எனக்குத் தெரியும்க்கா" என்றான். பேர் தெரியாமலே ஆளைத் தெரிகிறது என்கிறான். ஒரு நடிகனுக்கு இதைவிட வேறு என்ன வேண்டும்? என் மகன்தான் என்று நான் சொல்லவில்லை. சொன்னால் இறங்கும்போது காசு வாங்க மாட்டான், பாவம்.

ஆனால் நான் மறக்காதது வேறு. மகளுக்குச் சாதிச் சான்றிதழ் வாங்கத் தாலுகா ஆபீஸுக்கு வருகிற அப்பனாக நீ நடித்தாயே, அந்தக் காட்சி. உன் கையில் ஒரு யூரியா சாக்கு, அதற்குள் காகிதங்கள். அதிகாரி "பேரு?" என்று கேட்கிறார். நீ பதில் சொல்வதற்கு முன்னால் சாக்குக்குள் எட்டிப் பார்த்தாய். சொந்தப் பேரைச் சொல்லக்கூடக் காகிதத்தில் ஆதாரம் தேடுகிற மனுஷன். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. திருவெண்ணெய்நல்லூர்ப் பக்கத்திலிருந்து கரும்பு நிலத் தகராறுக்கு என்னிடம் வந்துகொண்டிருந்த பெரியவர் அப்படித்தான் செய்வார். நீ காலேஜ் படிக்கும்போது எனக்குச் சாப்பாடு கொண்டு வந்த ஒரு நாள் அவரைப் பார்த்திருக்கிறாய். ஒரே நாள். அதை இத்தனை வருஷம் பத்திரமாக வைத்திருந்து, சரியான இடத்தில் எடுத்து வைத்தாய். "அவருதான்! அவரேதான்!" என்று தியேட்டரில் எழுந்து நின்று கத்திவிட்டேன். பின் சீட்டுக்காரன் "உக்காரும்மா, தலை மறைக்குது" என்றான். இருபத்தாறு வருஷம் எழுதியும் நான் அந்த மனுஷரை அவ்வளவு சரியாக ஒரு மனுவில் எழுதியதில்லையடா.

உன் எழுத்தும் அப்படித்தான். அஞ்சு வருஷம் அடுத்தவர்களுக்கு வசனம் எழுதினாய். ஒரு நாள் தியேட்டர் வாசலிலிருந்து போன் செய்தாய். "ம்மா, நான் எழுதுன வரிக்கு உள்ள கை தட்டறாங்க. டைட்டில்ல வேற ஆளு பேரு போட்டுக்கினு கீறாங்க" என்றாய். உன் குரல் உடைந்திருந்தது. நான் என்ன சொன்னேன் தெரியுமா? "பேர்ல இன்னாடா கீது, விடு" என்று சொல்லிவிட்டு ஜல்தியாகப் போனை வைத்துவிட்டேன். கல்நெஞ்சக்காரி என்று நினைத்திருப்பாய். காரணம் வேறு, சொல்கிறேன். போன வருஷம் முதல் தடவையாகத் திரையில் 'வசனம்' என்று உன் பேர் தனியாக வந்தது. அந்தப் படத்தை ரெண்டு தடவை பார்த்தேன். ரெண்டாவது தடவை உன் பேர் வந்து போனதும் எழுந்து வீட்டுக்கு வந்துவிட்டேன். கோபித்துக்கொள்ளாதே, படம் அப்படி.

இனி உன் மாமா. என் அண்ணன் சூசை, திண்டிவனத்தில் பஞ்சர் கடை வைத்திருப்பவர். எங்கள் கோயிலில் தவக்காலம் முடியும்போது பாஸ்கா நாடகம் போடுவார்கள். யேசுவின் பாடுகள், ஊரே சேர்ந்து நடிப்பது. அதில் முப்பத்தஞ்சு வருஷத்துக்கு மேலாக யூதாஸ் வேஷம் அவருக்குத்தான். முப்பது வெள்ளிக்காசுக்கு யேசுவைக் காட்டிக் கொடுத்த யூதாஸ். வேறு யாரும் அதைக் கட்ட முன்வர மாட்டார்கள், வீட்டுக்கு ஆகாது என்பார்கள். "யேசுவுக்குத் தாடி போதும். யூதாஸுக்குத்தான் ஆளு வேணும்" என்பார் மாமா. எனக்கும் ஒரு வேஷம் உண்டு. திரைக்குப் பின்னால் சேவல். யேசுவின் சீடன் பேதுரு மூன்று தடவை "அந்த மனுஷன எனக்குத் தெரியாது" என்று மறுதலித்த பிறகு கூவ வேண்டும். எனக்குப் பதினாறு வயசு, வாலு. பேதுரு முதல் தடவை மறுதலிக்க வாயைத் திறப்பதற்கு முன்னாலேயே "கொக்கரக்கோ" என்று விட்டேன். பேதுருவாக நின்றவர் மளிகைக்கடைக்காரர். மறுதலிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் திருதிருவென்று விழித்தார். அந்தக் காட்சியிலேயே இல்லாத யூதாஸ் ஓரத்திலிருந்து குரல் கொடுத்தார், "அது பக்கத்தூரு சேவல், நீ சொல்லுப்பா!" கூட்டம் விழுந்து சிரித்தது. கூவியது யார் என்று கோயில் சாமியார் கேட்டபோது, "நான்தான் சாமி" என்று அண்ணன் முன்னால் வந்து நின்றார். யூதாஸ் சேவலாக ஆன கதை என்று ரொம்ப நாள் சொல்லிச் சிரித்தோம். என் பழியை அவர் ஏற்றுக்கொண்டது அதுதான் முதல் தடவை. கடைசித் தடவை இல்லை.

நீ காலேஜில் மூன்றாம் வருஷம் பாதியில் கிளம்பிப் போனாய். போன் அணைந்து கிடந்தது, பத்தொன்பது நாள். உங்கப்பா தட்டைத் தொடவில்லை. வறுத்து வைத்த மல்லாட்டைக் கடலையைக்கூடக் கையில் வைத்துக்கொண்டு உரிக்காமல் உட்கார்ந்திருப்பார். கோட்டக்குப்பம் பக்கம் கடற்கரையில் ஷூட்டிங், அங்கே உன்னைப் பார்த்தேன் என்று உன் சிநேகிதன் ஒருத்தன் வந்து சொன்னான். நானே பஸ் ஏறி வந்திருக்கலாம். வந்து, "ஒரு போன் பண்ணக்கூடாதாடா பாவி" என்று முதுகில் ரெண்டு போட்டிருக்கலாம். எந்தத் தாயும் அதைத்தான் செய்திருப்பாள். ஆனால் நான் மனு எழுதுகிறவள். எனக்கு ஒரு கஷ்டம் வந்தால் கை தானாகத் தாளைத்தான் தேடும்.

இருபது வயசுப் பையனைக் காணோம் என்று எழுதினால் ஸ்டேஷனில் "வருவான், போம்மா" என்பார்கள் என்று எனக்குத் தெரியும். எந்த வார்த்தை போட்டால் ஜீப் கிளம்பும் என்பதும் தெரியும். அந்த வார்த்தைகளைப் போட்டேன். "மேற்படி நபர் சுயபுத்தி இல்லாதவர். யார் எதைச் சொன்னாலும் அப்படியே நடித்துக் காட்டும் சுபாவம் உள்ளவர். தீயவர் கையில் சிக்கினால் உயிருக்கு ஆபத்து." ஆமாம், அந்த வரிதான். உன் கதையில் எண்பதாவது பக்கத்தில் ஒரு எழுத்து பிசகாமல் நீ வைத்திருக்கிற வரி. அதை எழுதியது உன் மாமா இல்லை. நான். கையெழுத்தைப் பார்த்தால் உனக்குத் தெரிந்துவிடும் என்று, எழுதியதைக் கடையில் கொடுத்து டைப் அடித்து வாங்கினேன். என் பேரில் கொடுத்தால் நீ என்னை மன்னிக்க மாட்டாய் என்று திண்டிவனத்துக்குப் போய், "அண்ணே, உன் பேர்ல போட்டுக்கறேன்" என்றேன். டியூபைத் தண்ணீரில் அமுக்கி ஓட்டை தேடிக்கொண்டிருந்தவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "போட்டுக்க. வருஷா வருஷம் காட்டிக் குடுக்கறவன்தானே நானு" என்று சொல்லிவிட்டுக் கையைத் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார்.

நான் எழுதியதிலேயே ஜல்தியாக வேலை செய்த மனு அதுதான். அன்றைக்குத்தான் உனக்கு முதல் தடவையாகப் பேசுகிற வேஷம் கிடைத்திருந்தது, டீக்கடைக்காரன், நாலே வரி. ரெண்டாவது வரி சொல்லும்போது ஜீப் வந்து நின்றதாம். ஏட்டு எல்லோருக்கும் கேட்கிற மாதிரி மனுவைப் படித்தாராம். "சொன்னதை நடிச்சுக் காட்டறவனா? அதத்தானேய்யா நாங்களும் தேடிக்கினு கீறோம்" என்று யாரோ சொல்ல, மொத்த யூனிட்டும் சிரித்ததாம். சிரித்துவிட்டு, பேஜாரு வேண்டாம் என்று உன்னை அனுப்பிவிட்டார்கள். மிச்ச ரெண்டு வரியை லைட் பிடிக்கிறவர் பேசினாராம். ஸ்டேஷன் வாசலில் நீ இறங்கினாய், முகத்தில் மேக்கப் கலையவில்லை. "எழுதனது யாரு?" என்று கேட்டாய். என்னைப் பார்த்துத்தான் முதலில் கேட்டாய். மாமா ஒரு அடி முன்னால் வந்து, "நான்தான்டா" என்றார். நான் உன் பையை வாங்கித் தோளில் மாட்டிக்கொண்டேன். வாயைத் திறக்கவில்லை.

அப்படி நான் வாயை மூடிக்கொண்டது அது முதல் தடவை. ரெண்டாவது, நாலு வருஷத்துக்கு முன்னால் உங்கப்பா இறந்தபோது. பெட்டியைத் தூக்க மாமா குனிந்தார். "அவரு தொட வேணாம்" என்றாய். அவர் எழுந்து, கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் பின்னால் கட்டிக்கொண்டு, கல்லறை வரைக்கும் கடைசி ஆளாக நடந்து வந்தார். நான் முன்னால் இருந்தேன், எனக்கு எல்லாம் கேட்டது. மூன்றாவது, போன வருஷம் நீ கொடுத்த அந்தப் பேட்டி. மாமா மனு கொடுத்த கதையை அவர் மாதிரியே பேசி நடித்துக் காட்டினாய். "எங்க மாமா அவ்ளோ நல்லா எழுதுவாருன்னு அன்னிக்குத்தான் தெரியும்" என்றாய். எல்லோரும் சிரித்தார்கள். சொல்ல வெட்கமாக இருக்கிறது, எனக்கு முதலில் வந்தது பொறாமை. என் எழுத்துக்கு இன்னொருத்தருக்குப் பேரா! தியேட்டர் வாசலிலிருந்து நீ அழுத அன்றைக்கு நான் ஏன் போனை வைத்தேன் என்று இப்போது புரிகிறதா? எழுதினது ஒருத்தர், பேர் இன்னொருத்தருக்கு என்று நீ சொல்லச் சொல்ல, எனக்கு என் மனு ஞாபகம் வந்துவிட்டது.

அந்தப் பேட்டிக்குப் பிறகு திண்டிவனத்தில் என்ன நடந்தது என்று உனக்குத் தெரியாது. பஞ்சர் கடையைத் தாண்டும்போது பையன்கள் "மாமா, ஒரு மனு!" என்று கத்திவிட்டு ஓடுவார்கள். அவரும் சிரித்துக்கொண்டு பம்பைத் தூக்கிக் காட்டுவார். போன வருஷப் பாஸ்காவில் அவர் யேசுவைக் காட்டிக் கொடுக்கிற அந்த முத்தத்தைக் கொடுக்கப் போன நேரத்தில் கூட்டத்திலிருந்து ஒருத்தன் "மனு எங்க?" என்றான். யேசுவாக நின்ற பையனே சிரித்துவிட்டான். இந்த வருஷம் சாமியார் கூப்பிட்டதற்கு, "வேற ஆளப் பாருங்க சாமி" என்று சொல்லிவிட்டார். ஏன் என்று கேட்டேன். "யூதாஸப் பாத்து ஜனம் பல்லக் கடிக்கணும். பல்லக் காட்டுனா வேஷம் செத்துப் போச்சும்மா" என்றார். உன்மேல் கோபமாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. உன் படம் எது வந்தாலும் முதல் நாள் பார்த்துவிட்டு எனக்குப் போன் செய்வார், "பையன் கண்ண சிமிட்டாம நின்னான் பாத்தியா?" என்று. உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்று நான் சொன்ன ஒவ்வொரு தடவையும், "வேணாம், பெத்தவ மேல வெறுப்பு வந்தா அவன் வேலை கெட்டுப் போவும்" என்று தடுத்தார். அதையே சாக்காக வைத்துக்கொண்டு நானும் பேசாமல் இருந்தேன். பதினோரு வருஷம்.

இப்போது அதே மாமாவை வில்லனாக்கி நூற்றுப் பதினாலு பக்கம் எழுதி என்னிடம் கட்டைவிரல் கேட்கிறாய். நானும் பேதுரு மாதிரி மூன்று தடவை மறுதலித்தாயிற்று. சின்ன வயசில் நேரத்துக்கு முன்னால் கூவிய சேவல், இந்தத் தடவை ரொம்பத் தாமதமாகக் கூவுகிறது. கூவாமல் இருந்துவிடவில்லை, அவ்வளவுதான்.

மனுவுக்கு ஒரே கோரிக்கை என்ற என் சட்டத்தை நானே மீறுகிறேன், ரெண்டு கேட்கிறேன். முதலாவது, எண்பதாவது பக்கத்தைத் திருத்து. அந்த மனுவை அந்த அம்மா எழுதட்டும். எழுதும்போது அவளை அழ வைக்காதே. நான் அழவில்லை. நடுவில் பேனாவில் மை தீர்ந்தது, நிறுத்தி யோசிக்கக் கடவுள் கொடுத்த இடம் அது. நான் பையைத் துழாவி இன்னொரு பேனாவை எடுத்து மிச்சத்தை எழுதினேன். அப்படியே எடு. அவளுக்கு இரக்கம் காட்டாதே. நீ இரக்கம் காட்டாமல் எழுதுகிற எல்லாரையும் கடைசியில் ஜனங்களுக்குப் பிடித்துவிடுகிறது, அந்த வித்தை உன்னிடம் இருக்கிறது. என்மேல் உனக்கு எவ்வளவு கோபம் வந்தாலும் அதை அந்தப் பக்கத்தில் கொட்டு. வீணாக்காதே. நல்ல காட்சியாக வரும்.

ரெண்டாவது, திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் வாசலில் ஷூட்டிங் என்று மாமாவுக்குத் தெரிந்திருக்கிறது. "தூரமா நின்னு பாத்துட்டு வந்துடட்டுமா? அவன் கண்ணுல பட மாட்டேன்" என்று கேட்டார். வரச் சொல்லியிருக்கிறேன். என் ஸ்டூலில் உட்கார மாட்டார், தார்ப்பாய்க் கம்பு ஓரமாக நிற்பார், வெள்ளைச் சட்டை, கைகளைப் பின்னால் கட்டியிருப்பார். அவருக்கு வேஷம் வேண்டாம், வசனமும் வேண்டாம். நீ அத்தனை பேர் முன்னால் உரக்க ஒரு தடவை "மாமா" என்று கூப்பிடு. அது போதும்.

இத்தனை வருஷத்தில் ஆயிரக்கணக்கான மனு எழுதியிருக்கிறேன். ஒன்றின் அடியிலும் என் கையெழுத்து இருந்ததில்லை, எல்லாம் அடுத்தவர் கையெழுத்து, அடுத்தவர் கைநாட்டு. இதில் நானே போடுகிறேன்.

எழுதியவள்,
உன் அம்மா